பவானியா, குமாரபாளையமா: எந்தக் கரையில் வீடு பார்ப்பது?

கேள்வி இதுதான்: "குமாரபாளையத்தில் ஒரு கல்லூரியில் எனக்கு வேலை கிடைத்திருக்கிறது. மனைவிக்கு ஈரோட்டில் வேலை. பவானியில் வீடு பார்க்கலாமா, குமாரபாளையத்திலேயே இருந்துவிடலாமா? இரண்டும் ஒரே ஊர் மாதிரிதான் என்கிறார்கள். ஆனால் நடுவில் காவிரி, மாவட்டமும் வேறு. அதனால் நடைமுறையில் என்ன வித்தியாசம் வரும்?"

நல்ல வீடு எந்தக் கரையில் கிடைத்தாலும் எடுத்துக்கொள்ளுங்கள். ஆற்றோரத் தெருவா என்று மட்டும் ஒன்றுக்கு இரண்டு தடவை விசாரியுங்கள். சுருக்கமான பதில் அவ்வளவுதான். ஆனால் மாவட்டம் வேறு என்றால் என்ன ஆகும் என்று கேட்டிருக்கிறீர்களே, அதற்கு ஒரு வரியில் பதில் சொல்ல முடியாது. வருஷத்தில் பெரும்பாலான நாள் ஒன்றும் ஆகாது. ஆகிற நாளில் நன்றாகவே ஆகும். நான் நூல் வியாபாரம் பார்ப்பவன். குடியிருப்பது பவானி, பார்ட்டிகள் பாதிப் பேர் குமாரபாளையத்திலும் பள்ளிபாளையத்திலும். பாலத்தில் போகாத நாள் எனக்குக் குறைவு.

முதலில் இடத்தைச் சொல்லிவிடுகிறேன். மேட்டூரிலிருந்து இறங்கி வரும் காவிரிக்கு மேற்கே பவானி, கிழக்கே குமாரபாளையம். பவானி ஆறு மேற்கிலிருந்து வந்து காவிரியில் சேர்கிற இடம்தான் கூடுதுறை, சங்கமேஸ்வரர் கோயில் இருக்கிற இடம். ஆகவே பவானிக்காரர்கள் இரண்டு ஆற்றுக்கு நடுவே இருப்பவர்கள். குமாரபாளையம் போகக் காவிரியைத் தாண்ட வேண்டும், ஈரோடு போகப் பவானி ஆற்றைத் தாண்ட வேண்டும். பதினைந்து கிலோமீட்டர் போல் கீழே போனால் இதே அமைப்பு இன்னும் பெரிதாக இருக்கும்: மேற்கே ஈரோடு, கிழக்கே பள்ளிபாளையம். மேற்குக் கரை ஊர்கள் ஈரோடு மாவட்டம், கிழக்குக் கரை ஊர்கள் நாமக்கல் மாவட்டம். பவானிக்கு மேலே நெரிஞ்சிப்பேட்டையும் பூலாம்பட்டியும் எதிரெதிரே இருக்கின்றன. அங்கே கிழக்குக் கரை சேலம் மாவட்டம். அங்கே இன்னும் விசைப்படகு ஓடுகிறது. ஆளோடு பைக்கையும் ஏற்றிக்கொண்டு போவார்கள். ஒரு ஞாயிற்றுக்கிழமை குடும்பத்தோடு போய்ப் பாருங்கள். மேட்டூரில் தண்ணீர் அதிகம் திறந்தால் படகை நிறுத்திவிடுவார்கள், கேட்டுவிட்டுப் போங்கள்.

இந்த ஆறு எப்போது எல்லையானது என்பது எனக்குப் பிடித்த சமாச்சாரம், கொஞ்சம் பொறுத்துக்கொள்ளுங்கள். பழைய கொங்கு நாட்டுக் கணக்கில் காவிரி இந்த இடத்தில் ஒன்றையும் வெட்டவில்லை. கொங்கில் இருபத்துநான்கு நாடுகள், அதாவது உட்பிரிவுகள், என்று சொல்வார்களே, அதில் பூந்துறை நாடு ஆற்றுக்கு இரண்டு பக்கமும் இருந்தது. ஈரோட்டுப் பக்கம் மேல்கரைப் பூந்துறை நாடு, திருச்செங்கோட்டுப் பக்கம் கீழ்க்கரைப் பூந்துறை நாடு. பெண் கொடுத்து எடுப்பது, கோயில் முறை, சீர்வரிசை எல்லாம் இரண்டு கரைக்கும் பொதுவாகத்தான் நடந்தது. இன்றைக்கும் அப்படித்தான்.

1792-ல் வந்தது மாற்றம். மூன்றாம் மைசூர்ப் போரில் தோற்ற திப்பு சுல்தான், ஸ்ரீரங்கப்பட்டண உடன்படிக்கையில் பாராமகாலையும் (இன்றைய கிருஷ்ணகிரி, தர்மபுரிப் பக்கம்) சேலத்தையும் வெள்ளைக்காரனின் கிழக்கிந்தியக் கம்பெனிக்கு விட்டுக்கொடுத்தார். கோயம்புத்தூர்ச் சீமை அவர் கையிலேயே இருந்தது. அதனால் ஏழு வருஷம் இந்தப் பக்கத்துக் காவிரிக்குக் கிழக்கே வெள்ளைக்காரன் ஆட்சி, மேற்கே மைசூர் ஆட்சி. குமாரபாளையத்துக்கும் பவானிக்கும் நடுவே ஓடிய தண்ணீர் அப்போது நிஜமாகவே இரண்டு அரசுகளுக்கு எல்லை. 1799-ல் திப்பு விழுந்தபிறகு இரண்டு கரையும் கம்பெனிக்குப் போய்விட்டது. அப்போதே அந்த எல்லைக் கோட்டை அழித்திருக்கலாம். அழிக்கவில்லை. கிழக்கே சேலம் ஜில்லா, மேற்கே கோயம்புத்தூர் ஜில்லா என்று தனித்தனிக் கலெக்டர், தனித்தனிக் கணக்கு. 1979-ல் மேற்குக் கரை கோவையிலிருந்து பிரிந்து பெரியார் மாவட்டமாகி, பிறகு ஈரோடு மாவட்டம் என்று பெயர் மாறியது. 1997-ல் கிழக்குக் கரை சேலத்திலிருந்து பிரிந்து நாமக்கல் மாவட்டத்துக்குப் போனது. பெயர்ப் பலகைகள் மாறினவே தவிர, கோடு ஆற்றை விட்டு நகரவில்லை.

பவானிக் கோயிலுக்கு வந்தால் அந்தக் கலெக்டர் காலத்துக்கு ஒரு சாட்சி இருக்கிறது. கோவைக் கலெக்டராக இருந்த வில்லியம் காரோ 1804-ல் வேதநாயகி அம்மனுக்குக் கொடுத்த தந்தக் கட்டில். அம்மன் கனவில் வந்து எழுப்பி வெளியே போகச் சொன்னதாகவும், அவர் எழுந்து போனதும் கட்டடம் இடிந்து விழுந்ததாகவும் கோயிலில் கதை சொல்வார்கள். அடுத்த வருஷம், 1805-ல், மேற்குக் கரை ஓடாநிலையிலிருந்து போராடிய தீரன் சின்னமலையைக் கிழக்கே சங்ககிரிக் கோட்டையில் தூக்கிலிட்டார்கள். ஆடி பதினெட்டு என்றால் இந்தப் பக்கம் ஆற்றுக்குப் படையல் போடுவதோடு அவரையும் நினைத்துக்கொள்கிற நாள்.

கோடு எப்படி ஆளைத் தொடும் என்பதற்கு எனக்குத் தெரிந்து மிகச் சரியான உதாரணம் 1937. ராஜாஜி சென்னை மாகாணப் பிரதமரானதும் (முதலமைச்சரை அப்போது அப்படித்தான் சொல்வார்கள்) அக்டோபர் 1-ஆம் தேதி மதுவிலக்கைக் கொண்டுவந்தார். எங்கே? முதலில் சேலம் ஜில்லாவில் மட்டும். அது அவர் வக்கீலாக இருந்த ஜில்லா. திருச்செங்கோடு பக்கம் 1925-ல் காந்தி ஆசிரமம் அமைத்து மதுவிலக்குப் பிரச்சாரம் செய்த மண். அதன்பிறகு சித்தூர், கடப்பை, வடஆற்காடு என்று நீட்டினார்கள். கோயம்புத்தூர் ஜில்லா அந்தப் பட்டியலில் இல்லை. ஆக, குமாரபாளையத்திலும் பள்ளிபாளையத்திலும் கள்ளுக்கடை கிடையாது, ஆற்றுக்கு இந்தப் பக்கம் பவானியிலும் ஈரோட்டிலும் உண்டு. சாயங்காலம் எந்தத் திசையில் நடமாட்டம் இருந்திருக்கும் என்பதை உங்கள் யோசனைக்கு விடுகிறேன். இதில் இன்னொரு விஷயம், போன வருமானத்தை ஈடுகட்ட 1939-ல் விற்பனை வரி கொண்டுவந்தார்கள். கள் போன இடத்தில் வந்த அந்த வரியின் பேரப்பிள்ளை ஜிஎஸ்டியை நான் இன்றைக்கும் ஒவ்வொரு மூட்டை நூலுக்கும் கட்டிக்கொண்டிருக்கிறேன்.

சரி, இன்றைய கதைக்கு வருவோம். குமாரபாளையத்தில் வீடு எடுத்தால் உங்கள் கலெக்டர் ஆபீஸ் நாமக்கல்லில். ஐம்பது கிலோமீட்டருக்கு மேல், திருச்செங்கோடு சுற்றிப் போக வேண்டும். ஈரோட்டுக் கலெக்டர் ஆபீஸ் இருப்பதோ பக்கத்தில், ஆனால் அது உங்களுக்கு ஆகாது. பள்ளிபாளையத்தில் இது இன்னும் வேடிக்கை. பாலத்தில் நின்றால் ஈரோடு தெரியும். மனு கொடுக்க மட்டும் நாமக்கல் போய்வர வேண்டும். தாலுகா ஆபீஸ் குமாரபாளையத்திலேயே வந்துவிட்டதால் வருமானச் சான்று, சாதிச் சான்று, பட்டா மாறுதல் போன்றவற்றுக்கு முன்னைப்போல் திருச்செங்கோட்டுக்கு ஓட வேண்டியதில்லை. பவானியில் இருந்தால் தாலுகா ஆபீஸ் உள்ளூரில், கலெக்டர் ஈரோட்டில்.

தபாலில் நிலைமை தலைகீழ். தபால்காரர்களுக்கு ஆறு ஒரு பொருட்டே இல்லை. நாமக்கல் பக்கத்துப் பின்கோடு 637-ல் ஆரம்பிக்கும். குமாரபாளையம் 638183, பவானி 638301, இரண்டும் ஈரோட்டு 638 வரிசை. பள்ளிபாளையத்திலிருக்கும் சேஷசாயி காகித ஆலையின் முகவரியைப் பாருங்கள்: காவேரி ஆர்.எஸ். அஞ்சல், ஈரோடு 638007, நாமக்கல் மாவட்டம். ஒரே முகவரியில் ஈரோடும் உண்டு, நாமக்கல்லும் உண்டு. நீங்கள் ஆன்லைனில் படிவம் நிரப்பும்போது பின்கோடைப் போட்டதும் சில தளங்கள் தானாகவே மாவட்டத்தை ஈரோடு என்று எடுத்துக்கொள்ளும். ஆதாரில் அப்படிப் பதிந்துவிட்டால் பிறகு சான்றிதழ் வாங்கப் போகிற இடத்தில் "இது எங்க மாவட்டம் இல்லீங்களே" என்பார்கள். குமாரபாளையத்தில் வீடு எடுப்பதானால் மாவட்டத்தை நீங்களே பார்த்து நாமக்கல் என்று மாற்றிக்கொள்ளுங்கள்.

ஓட்டு விஷயம் இன்னும் ஒரு சுற்று. குமாரபாளையம் சட்டமன்றத் தொகுதி ஈரோடு நாடாளுமன்றத் தொகுதியில் வருகிறது. பவானி சட்டமன்றத் தொகுதி ஈரோடு மாவட்டத்தில் இருந்தாலும் திருப்பூர் நாடாளுமன்றத் தொகுதியில் வருகிறது. அதாவது நாமக்கல் மாவட்டத்துக் குமாரபாளையத்தான் ஈரோட்டு எம்.பி.க்கு ஓட்டுப் போடுவான், ஈரோடு மாவட்டத்துப் பவானிக்காரன் திருப்பூர் எம்.பி.க்குப் போடுவான். 2009 தேர்தலிலிருந்து இப்படித்தான். எங்கள் வீட்டுப் பெரியவர் ஒவ்வொரு தேர்தலுக்கும் இதைக் கேட்டு ஒரு தடவை சிரிப்பார்.

பிள்ளைகள் இருக்கிறார்களா என்று நீங்கள் சொல்லவில்லை. இருந்தால் இதைக் கவனியுங்கள். உள்ளூர் விடுமுறையும் மழை விடுமுறையும் அந்தந்தக் கலெக்டர் அறிவிப்பது. கொல்லிமலை வல்வில் ஓரி விழாவுக்காக ஆடிப்பெருக்கை ஒட்டி நாமக்கல் மாவட்டத்துக்கு விடுமுறை விடுவார்கள். மேற்குக் கரைக்கு அது பொருந்தாது. அம்மா ஒரு கரையில் வேலை, பிள்ளை மறு கரையில் பள்ளிக்கூடம் என்றிருக்கும் வீடுகளில் அன்றைக்குப் பிள்ளையை யார் பார்ப்பது என்று காலையில் ஒரு பஞ்சாயத்து நடக்கும். உங்கள் வீட்டில் இரண்டு பேருக்கும் இரண்டு மாவட்டத்தில் வேலை என்பதால் இது எப்படியும் வரும், எந்தக் கரையில் இருந்தாலும்.

வைத்தியம், கடைகண்ணி, சினிமா, பட்டுப்புடவை எல்லாவற்றுக்கும் கிழக்குக் கரையும் ஈரோட்டைத்தான் பார்த்திருக்கும். திங்கட்கிழமை இரவு ஈரோடு கனி மார்க்கெட் ஜவுளிச் சந்தைக்குப் பள்ளிபாளையத்து லுங்கியும் துண்டும் பாலம் தாண்டிப் போகும், செவ்வாய் வரைக்கும் வியாபாரம். வியாழக்கிழமை கருங்கல்பாளையம் மாட்டுச்சந்தை. அது பாலத்துக்கு ஈரோட்டு முனையிலேயே இருப்பதால் புதன் ராத்திரியிலிருந்தே மாட்டு லாரிகள் நிற்கும். உங்கள் மனைவி அந்த வழியாக வேலைக்குப் போவதானால் வியாழன் காலையில் கால் மணி நேரம் முன்கூட்டியே கிளம்பச் சொல்லுங்கள். பவானியிலிருந்து போனால் காவிரிப் பாலத்துக்கே வேலை இல்லை, காளிங்கராயன் வாய்க்கால் பக்கமாக நேராக ஈரோடு போய்விடலாம். கருங்கல்பாளையம் என்றதும் இன்னொன்று: பாரதியார் 1921-ல், இறப்பதற்குச் சில வாரங்களுக்கு முன்னால், அங்கிருக்கும் வாசகசாலையில்தான் "மனிதனுக்கு மரணமில்லை" என்று பேசினார்.

ஈரோடு நகரம் ஏன் பள்ளிபாளையத்தைச் சேர்த்துக்கொள்ளவில்லை என்று பலபேர் கேட்பார்கள். ஈரோடு மாநகராட்சி வீரப்பன்சத்திரம், சூரம்பட்டி, காசிபாளையம் நகராட்சிகளை எல்லாம் உள்ளே இழுத்துக்கொண்டது. பாலத்தின் மறுமுனையை மட்டும் தொட முடியவில்லை, அது வேறு மாவட்டம். ஆனால் தறியும் சைசிங்கும் (நூலுக்குக் கஞ்சி ஏற்றுவது) சாயமும் ஆற்றைப் பார்க்காமல் பரவிவிட்டன. நூல் ஒரு கரையில் இறங்கும், பாவு, அதாவது தறிக்கான நீள நூல், மறு கரையில் ஓட்டுவார்கள், அதைச் சுற்றிய உருளையான பீம் திரும்ப வரும், நெய்த துணி சாயத்துக்கு இன்னொரு தடவை பாலம் ஏறும். காலையில் பாலத்தில் நின்று பார்த்தால் பைக்கின் பின்னால் கோன் மூட்டை, டாட்டா ஏஸில் நீட்டிக்கொண்டு நாலைந்து பீம், அதற்கு நடுவே கல்லூரிப் பஸ். ஒரே துண்டு துணி அங்காடிக்கு வருவதற்குள் எத்தனை தடவை மாவட்டம் மாறியது என்று யாரும் கணக்கு வைப்பதில்லை.

இரண்டு ஊருக்கும் தொழிலில் ஒரு வித்தியாசம் உண்டு. பவானி என்றால் ஜமக்காளம். குழித்தறியில் உட்கார்ந்து கைத்தறியில் நெய்வது. அகலமான ஜமக்காளத்துக்கு ஒரே தறியில் இரண்டு பேர் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்வார்கள். நாடாவை ஒருவர் தள்ள, மற்றவர் வாங்கித் திருப்பித் தள்ளுவார். சிவப்பு, பச்சை, கருநீலம் என்று பட்டை பட்டையாக நிறம் மாறும்போது இரண்டு பேரும் ஒரே நேரத்தில் நூலை மாற்ற வேண்டும், பேச்சு அங்கே நிற்கும். புவிசார் குறியீடு 2005-06-லேயே கிடைத்துவிட்டது. ஜமக்காளத்தைக் கைத்தறிக்கு என்றே ஒதுக்கி 1985-ல் மத்திய அரசு சட்டம் போட்டதும் உண்டு. இருந்தும் சோலாப்பூர் விசைத்தறிச் சரக்கு பவானி என்ற பெயரிலேயே கடைக்கு வருகிறது. கல்யாண மண்டபத்தில் நாற்காலி வந்த பிறகு ஜமக்காளம் விரிப்பவர்களும் குறைந்துபோனார்கள். நெய்பவர்களில் இளவட்டத்தை நான் பார்ப்பது அபூர்வம். நீங்கள் ஒன்று வாங்கினால் கூட்டுறவுச் சங்கத்தில் வாங்குங்கள், இருபது வருஷம் வரும்.

குமாரபாளையமும் பள்ளிபாளையமும் விசைத்தறி ஊர்கள். லுங்கி, துண்டு, ரேயான். தெருவுக்குள் நுழைந்தாலே சத்தம் தெரியும். புதிதாக வருபவர்களுக்கு முதல் வாரம் தூக்கம் வராது. அப்புறம் மின்வெட்டு வந்து சத்தம் நின்றால்தான் விழிப்பு வரும். தறித் தொழிலாளிக்கு முதலாளி முன்பணம் கொடுத்துப் பிடித்துவைப்பது இங்கே பழைய வழக்கம். அதை அடைக்கக் கந்துவட்டி, அதை அடைக்க இன்னொரு கடன். 2025-ல் பள்ளிபாளையம் பக்கம் தறித் தொழிலாளர்களிடம் இடைத்தரகர்கள் சிறுநீரகம் வாங்கிய விவகாரம் வெளியே வந்தபோது வெளியூர்க்காரர்கள் அதிர்ந்தார்கள். கூலிக்கும் கடனுக்கும் உள்ள தூரத்தை அறிந்த உள்ளூர்க்காரர்களுக்கு அது புதுச் செய்தியாக இருக்கவில்லை. ஊரைப் பற்றிச் சொல்லும்போது இதை விட்டுவிட்டுப் பள்ளிபாளையம் சிக்கனை மட்டும் சொல்வது எனக்குச் சரியாகப் படவில்லை.

சிக்கனையும் சொல்லிவிடுகிறேன். வரமிளகாயைக் கிள்ளி, விதையை உதறிவிட்டு எண்ணெயில் போட வேண்டும். நிறைய சின்ன வெங்காயம், கறிவேப்பிலை, எலும்போடு பொடியாக வெட்டிய கோழி, கடைசியில் பல்லுப் பல்லாகக் கீறிய தேங்காய். மசாலாப் பொடி சேர்த்தால் அது வேறு சாமான். மிளகாய் பார்க்கப் பயமாக இருக்கும், காரம் அவ்வளவு இருக்காது.

கோடு எப்போது கண்ணுக்குத் தெரியும் என்றால், அரசாங்கத்துக்கு அது ஞாபகம் வரும்போது. கடைசியாக 2020. ஊரடங்கில் பாலத்தில் தடுப்பு வைத்தார்கள். ஜூன் மாதம் கோவை, ஈரோடு, நாமக்கல், சேலம் எல்லாம் ஒரே மண்டலம், மண்டலத்துக்குள் இ-பாஸ் வேண்டாம் என்றார்கள். அப்பாடா என்று இரண்டு கரையும் மூச்சு விட்டது. ஜூன் 25-லிருந்து மாவட்டம் விட்டு மாவட்டம் போக மறுபடி இ-பாஸ். ஆகஸ்ட் முடிகிற வரைக்கும் அதே கதை. சென்னையிலிருந்து கோவை போகிறவனுக்கு என்ன விதியோ, பள்ளிபாளையத்திலிருந்து ஈரோட்டுக்கு மருந்து வாங்கப் போகிறவனுக்கும் அதே விதி. என் நூல் அக்கரையில் தறியில் ஏறிக்கிடந்தது, நான் இக்கரையில். சரக்கு வண்டிக்கு அனுமதி உண்டு, ஆளுக்கு இல்லை. பாலத்து முனையில் நின்று ஃபோனிலேயே கணக்குத் தீர்த்தோம். கல்யாணம், சாவு இரண்டிலும் பாதிச் சொந்தம் வரவில்லை. இருநூறு வருஷத்துக்கு முந்தைய கோடு, அன்றைக்குத்தான் அது எவ்வளவு திடமாக இருக்கிறது என்று என் தலைமுறைக்குத் தெரிந்தது.

இப்போது தண்ணீர். வீடு பார்ப்பதில் மாவட்டத்தை விட முக்கியமானது இது. மேட்டூர் அணை 120 அடி நிரம்பிவிட்டால் வருகிற தண்ணீரை அப்படியே விட்டுவிடுவார்கள். 2005, 2018, 2022 வருஷங்களில் வினாடிக்கு இரண்டு லட்சம் கன அடியைத் தொட்டும் தாண்டியும் போனது. சில மணி நேரத்தில் அது இங்கே வந்து நிற்கும். குமாரபாளையத்தில் கலைமகள் வீதி, இந்திரா நகர், பவானியில் கந்தன் நகர், பள்ளிபாளையத்தில் ஜனதா நகர், இவை எல்லாம் ஒவ்வொரு வெள்ளத்திலும் செய்தியில் பெயர் வருகிற இடங்கள். ஆட்டோவில் மைக் கட்டிக்கொண்டு சொல்லிப் போவார்கள். டிவியையும் தறிச் சாமானையும் மேலே ஏற்றிவிட்டு, ஆதார், ரேஷன் கார்டு, பிள்ளைகள் புத்தகம் எல்லாவற்றையும் ஒரு பையில் போட்டுக்கொண்டு பள்ளிக்கூடத்துக்கோ கல்யாண மண்டபத்துக்கோ போய்விடுவார்கள். தண்ணீர் வடிந்தபிறகு வீட்டுக்குள் அரை அடிக்குச் சேறு கிடக்கும், அதைத் தள்ளுவதுதான் பெரிய வேலை. நிவாரணம் அவரவர் மாவட்டம் கொடுக்கும், அதுவும் ஒரே மாதிரி ஒரே நாளில் வராது.

பவானிக்கு இதில் ஒரு கூடுதல் சிக்கல். காவிரி நிரம்பி ஓடும்போது பவானி ஆறு உள்ளே நுழைய இடமில்லாமல் பின்னுக்கு ஏறும். பவானிசாகரிலும் அதே நேரம் திறந்துவிட்டால் கேட்கவே வேண்டாம். ஆகவே பவானியில் வீடு பார்க்கும்போது "காவிரியிலிருந்து தூரம்" என்று தரகர் சொன்னால் போதாது, பவானி ஆற்றிலிருந்து எவ்வளவு தூரம் என்றும் கேளுங்கள்.

தண்ணீர் குறைந்த மாதங்களில் வேறு தொந்தரவு. மின்சாரத்துக்காக ஊராட்சிக்கோட்டை, வெண்டிபாளையம் என்று வரிசையாகக் கதவணைகள் கட்டியிருக்கிறார்கள். அவற்றால் ஆறு இங்கே ஓடுவதை விடத் தேங்கி நிற்பதுதான் அதிகம். தேங்கினால் ஆகாயத்தாமரை. ஈரோட்டுப் பாலத்திலிருந்து பார்த்தால் சில மாதம் பச்சைப் புல்வெளி மாதிரி தெரியும். அடியில் தேங்குவது ஊர்ச் சாக்கடையும் சாயக் கழிவும். அனுமதியில்லாத சாயப்பட்டறைகளை மாசுக்கட்டுப்பாட்டு வாரியம் அவ்வப்போது இடிக்கும், மின் இணைப்பைத் துண்டிக்கும். ராத்திரியோடு ராத்திரியாகத் திறந்துவிடுவது மறுபடி தொடங்கும். கேட்டால் இந்தக் கரைக்காரர் அந்தக் கரையைக் காட்டுவார், அவர் இந்தக் கரையைக் காட்டுவார். என் அபிப்பிராயத்தில் கோட்டால் வரும் உண்மையான நஷ்டம் இதுதான். ஒரே தண்ணீருக்கு இரண்டு பக்கமும் வேறு வேறு அதிகாரிகள், முழு ஆற்றுக்கும் பதில் சொல்ல ஒருவரும் இல்லை. ஈரோடு மாநகராட்சி தனக்குக் குடிநீரை மேலே ஊராட்சிக்கோட்டையிலிருந்து எடுக்க ஆரம்பித்துவிட்டது. அது ஒரு மாதிரி பதில்தான்.

ஆடிப்பெருக்கு, ஆடி அமாவாசை நாட்களில் கூடுதுறையில் நிற்க இடம் இருக்காது. புதுப் பெண்கள் தாலிக்கயிறு மாற்றுவார்கள், ஒரு பக்கம் முளைப்பாரி கரையும், இன்னொரு பக்கம் தர்ப்பணம். வெள்ளம் வந்துவிட்டால் படித்துறையைப் பூட்டிவிடுவார்கள், ஷவர் வைத்துக் குளிக்கச் சொல்வார்கள். அந்த நாட்களில் பழைய பாலத்துப் பக்கம் வண்டியை எடுக்காதீர்கள், பைபாஸ் பாலத்தில் சுற்றிப் போய்விடுங்கள்.

உங்கள் விஷயத்தில் நானாக இருந்தால் பவானியில், மேட்டூர் ரோட்டுப் பக்கம் மேடான இடத்தில் வீடு பார்ப்பேன். உங்களுக்கு ஒரே பாலம், அதுவும் சின்னத் தூரம், டவுன் பஸ்ஸும் உண்டு. உங்கள் மனைவிக்கு நேர் வழி. குமாரபாளையத்தில் இருந்தால் உங்களுக்கு நடைதூரம், அவருக்குத்தான் தினமும் அலைச்சல். எந்த வீடானாலும் அட்வான்ஸ் கொடுப்பதற்கு முன்னால் தெருமுனைப் பெட்டிக்கடையில் ஒரு டீ சொல்லிவிட்டு, "போன தடவை தண்ணி எதுவரைக்கும் வந்துச்சுங்க?" என்று கேளுங்கள். வீட்டுக்காரர் சொல்லாததைக் கடைக்காரர் கையை முழங்கால் உயரத்திலோ இடுப்பு உயரத்திலோ வைத்துக் காட்டிவிடுவார். வரவேயில்லை என்றால் எடுத்துக்கொள்ளுங்கள்.